நாற்பது யானை எடை

அநியாயம் இழைக்கப்பட்டவள் நான்தான், அக்கா. உங்கள் மடியில் இருக்கிற அந்தப் புத்தகத்தின் நன்றிப் பக்கத்தில் என் பெயர் இருந்திருக்க வேண்டும். இருப்பது என் அறைத்தோழியின் பெயர். நம்பிக்கை இல்லையென்றால் முன்னால் நாலு தாள் புரட்டிப் பாருங்கள். 'இரண்டாம் பதிப்புக்கு' என்று இருக்கிறதா? அதில் கடைசி வரி. "கூன்நோய் எங்கிருந்து வந்தது என்பதை எனக்கே சொல்லிக்கொடுத்த ஜெபமலருக்கு." ஜெபமலர். அவ்வளவுதான். அதற்கு முன்னால் ஒரு பெயர் இல்லை, பின்னால் ஒரு பெயர் இல்லை.

முன்பின் தெரியாதவரிடம் இப்படி ஆரம்பிப்பது தப்புதான், மன்னித்துக்கொள்ளுங்கள். சமயபுரம் டோல்கேட்டில் ஏறியதிலிருந்து பக்கத்தில் உட்கார்ந்து நீங்கள் அதைப் படிப்பதைப் பார்த்துக்கொண்டே வருகிறேன். சிரிக்கிறீர்கள், உதட்டைக் கடிக்கிறீர்கள், விரலை வைத்து மூடிவிட்டு ஜன்னலைப் பார்க்கிறீர்கள். எவ்வளவு நேரம்தான் ஒருத்தி வாயை மூடிக்கொண்டு வருவாள்? நான் செங்கல்பட்டில் இறங்க வேண்டியவள். இந்தப் புத்தகத்தை எழுதினவர் வீடு அங்கேதான். அவரைப் பார்க்கத்தான் போகிறேன். மூன்றாம் பதிப்பு வரப்போகிறதாம். அதிலாவது என் பெயர் வர வேண்டும். வராமல் விடப்போவதில்லை.

என் பெயர் தில்லைநாயகி. தமிழில் முனைவர் பட்ட ஆய்வு, இரண்டாம் வருஷம். பள்ளிக்கூடத்திலிருந்தே பேச்சுப் போட்டி, பட்டிமன்றம் எல்லாவற்றிலும் நான்தான் முதல். கடையில் போய் உப்பு வாங்கி வா என்று சொன்னால் எதற்கு உப்பு என்று கேட்டுவிட்டுத்தான் போவாள் என்று அம்மா புலம்புவாள். கேட்டால் என்ன தப்பு? கேட்காத ஜனத்தால்தான் இந்த ஊர் இப்படி இருக்கிறது.

விஷயத்துக்கு வருகிறேன். எங்கள் துறையில் மாதம் ஒரு நூல் அரங்கு நடக்கும். உங்களுக்குத் தெரிந்திருக்கும், நம் ஊர் விமர்சனக் கூட்டம் எல்லாம் ஒரே அச்சுதானே. வரவேற்புரை, பொன்னாடை, தலைமையுரை, அதற்குப் பிறகு விமர்சனம், கடைசியில் எழுத்தாளரின் ஏற்புரை. விமர்சிக்கிறவருக்குப் பத்து நிமிஷம். ஒன்பதாவது நிமிஷத்தில் துண்டுச் சீட்டு வரும். துறைத்தலைவர் மெய்ஞ்ஞானமூர்த்தி ஐயா என்னைக் கூப்பிட்டார்.

"தில்லை, தணிகாசலம் என்று ஒருவர். 'ஏழு பாரங்களின் நாடு' என்று மந்திர தந்திர நாவல் ஒன்று எழுதியிருக்கிறார். இளைஞர்கள் எல்லாம் அதைப் பற்றித்தான் பேசுகிறார்களாம். நீ விமர்சனம் பண்ணு. பதினெட்டு நாள் இருக்கு."

தொள்ளாயிரத்துப் பன்னிரண்டு பக்கம், அக்கா. பதினெட்டு நாளில். நடுவில் எனக்குக் கருத்தரங்கக் கட்டுரை ஒன்று, அதற்கு நடுவில் ஒரு பட்டிமன்றம். முதல் முந்நூறு பக்கம் வரிவரியாகப் படித்தேன். அடிக்கோடு போட்டுப் படித்தேன். அதற்கு மேல் ஒரு விமர்சகர் எப்படிப் படிக்க வேண்டுமோ அப்படிப் படித்தேன். என்ன பார்க்கிறீர்கள்? ஒரு புத்தகத்தை விமர்சிக்க அதைக் கடைசி வரி வரை படித்தாக வேண்டும் என்பது ஒரு மூடநம்பிக்கை. சோற்றுக்கு உப்பு போதுமா என்று பார்க்கப் பானையைக் காலி பண்ணுகிறோமா?

ஜெபமலர் என் அறைத்தோழி. இயற்பியல், முதுகலை, கடைசி வருஷம். ஊர் தூத்துக்குடிப் பக்கம். பேச்சே கிடையாது. நான் பேசினால் கேட்பாள், அதுதான் எங்கள் நட்பு. அவளிடம் இந்தப் புத்தகம் ஏற்கனவே இருந்தது. சொந்தமாக வாங்கியது. முதுகு விட்டுப்போய் நூல் தெரிகிற அளவுக்குப் படித்திருந்தாள்.

"ஜெபா, முந்நூறுக்கு மேல என்ன ஆகுதுன்னு சுருக்கமா சொல்லு" என்றேன்.

"சுருக்கமாவா? ஏ, அது சுருக்கமாச் சொல்லுத கதையா?"

"நீ சொல்லு, நான் சுருக்கிக்கிறேன்."

அப்படித்தான் ஆரம்பித்தது. சாயங்காலம் மொட்டைமாடியில் துணி காயப்போடும்போது சொல்வாள். மெஸ் வரிசையில் தட்டைப் பிடித்துக்கொண்டு சொல்வாள். நான் இடையிடையே கேள்வி கேட்பேன். அந்த ராணி ஏன் அப்படிச் செய்தாள், அது ஆணாதிக்கச் சித்தரிப்பு இல்லையா, என்றெல்லாம். அவள் நனைந்த சுடிதாரை உதறிக்கொண்டே, "நீ கதை கேக்கியா, பட்டிமன்றம் நடத்துதியா?" என்பாள். நல்ல பெண்தான். அப்போது நல்ல பெண்ணாகத்தான் இருந்தாள்.

நீங்கள் எத்தனையாவது பக்கம்? நூற்றுப் பதினெட்டா? அப்படியானால் மந்திரம் எப்படி வேலை செய்கிறது என்று தெரிந்திருக்கும். இருந்தாலும் என் வாயால் ஒருமுறை கேளுங்கள், வேறு மாதிரி இருக்கும். அந்த நாட்டில் நெருப்பு வராது, மின்னல் வராது, ஆள் மறைவது கிடையாது. மந்திரத்தால் செய்ய முடிவது ஒன்றே ஒன்று. எடையை இடம் மாற்றுவது. சொல்லைச் சொல்கிறவனுக்கு 'மொழிவான்' என்று பெயர். எடையை வாங்கிக்கொள்கிறவனுக்குத் 'தாங்கி'. இரண்டு பேரும் ஒரே கிண்ணத்தில் தண்ணீர் குடித்து இணைந்திருக்க வேண்டும். மொழிவான் ஒரு பாறையைப் பார்த்துச் சொல்லைச் சொன்னால் பாறை பஞ்சாகிவிடும். அதன் எடை முழுக்க எங்கேயோ படுத்திருக்கிற தாங்கியின் நெஞ்சில் இறங்கும். பறக்கிற குதிரைப்படை என்று ஊரெல்லாம் கைதட்டும். கடற்கரை மணலில் மூவாயிரம் பேர் மல்லாந்து படுத்துப் பல்லைக் கடித்துக்கொண்டிருப்பார்கள்.

பிரமாதமான கற்பனை. அதை நான் மறுக்கவில்லை. மனிதர் கடைத் தராசுகளைச் சோதித்து முத்திரை குத்துகிற அரசு வேலையில் இருக்கிறவராம். நாள் முழுக்கப் படிக்கல்லோடு பிழைப்பு. அதனால் இப்படித் தோன்றியிருக்கும்.

இந்த மந்திரத்துக்கு விதிகள் உண்டு. பாரம் அழியாது, ஆள்தான் மாறும். இது முதல் விதி. தாங்கி தூரத்தில் இருந்தால் ஒவ்வொரு காதத்துக்கும் மிச்சம் இருப்பதில் பத்தில் ஒரு பங்கு குறைந்து போய்ச் சேரும். இது இன்னொரு விதி. அதனால்தான் ராஜாக்கள் தாங்கிகளை ஆறு காதம் தள்ளிப் படுக்க வைக்கிறார்கள். நான் இதைப் படித்துவிட்டுப் பேசாமல் போய்விட்டேன். எல்லாரும் அப்படித்தான் போயிருப்பார்கள். நீங்களும்தானே?

ஒருநாள் காலை, மெஸ் வரிசை. எனக்கு முன்னால் பதினைந்து பேர். ஜெபா ஒரு கோடு போட்ட நோட்டைத் தூக்கிக்கொண்டு வருகிறாள், தலைகூடச் சீவவில்லை.

"தில்லை, நாப்பது யானையைக் காணோம்டி."

வரிசை முழுக்கத் திரும்பிப் பார்க்கிறது. பின்னால் நின்ற விலங்கியல்காரி, "போலீஸ்ல சொன்னீங்களா?" என்றாள்.

"எந்த யானைடி?"

"கோட்டை அத்தியாயம். படை பறக்குதுல்லா? குதிரை, யானை, ஆளு, கவசம் எல்லாம் கூட்டிப் பாத்தேன். எம்பத்தஞ்சு யானை எடை கிளம்புது. ஆறு காதம். காதத்துக்குப் பத்துல ஒண்ணு போச்சுன்னா, கடற்கரையில நாப்பத்தஞ்சு யானை எடைதான் வந்து இறங்குது. மிச்சம் நாப்பது எங்க?"

"குறைஞ்சு போச்சு."

"எப்படிக் குறையும்? பாரம் அழியாதுன்னு அவரே சொல்லுதாரே."

"கதைதானே ஜெபா. விடு."

"கதைன்னா? கதைக்குள்ள கணக்கு வேண்டாமா?" என்று என் தட்டில் இருந்த இட்லியை எடுத்து வாயில் போட்டுக்கொண்டு போய்விட்டாள். அன்று வகுப்புக்குப் போகவில்லை. மறுநாளும் போகவில்லை. மூன்றாம் நாள் சாயங்காலம் தண்ணீர்த் தொட்டிப் படியில் உட்கார்ந்திருந்தவள் என்னைக் கண்டதும் எழுந்து நின்றாள். முகம் வெளிறியிருந்தது.

"கிடைச்சிட்டு."

முப்பத்தோராம் அத்தியாயம் என்று ஒன்று வரும், அக்கா. நீங்கள் இன்னும் போகவில்லை. கோட்டைக்கும் கடற்கரைக்கும் நடுவில் இருக்கிற கிராமங்களில் கூன்நோய் என்று ஒரு நோய் வருகிறது. பிள்ளைகளின் முதுகு வளைகிறது. மாடு நின்ற இடத்தில் கால் மடங்கி விழுகிறது. கிணற்றுச் சுவர் உள்ளே சரிகிறது. அவர்கள் சாமி குத்தம் என்று பலி கொடுக்கிறார்கள். அத்தோடு அந்த அத்தியாயம் முடிந்துவிடும். கதை வேறு எங்கோ போய்விடும். ஜெபா தேதியைப் பார்த்திருக்கிறாள். படை பறந்தது புரட்டாசி ஏழு. நோய் வந்தது புரட்டாசி ஏழு.

"அவங்க மேலதான்டி விழுந்திருக்கு. ஒரே கிண்ணத்துல தண்ணி குடிக்கல, சம்மதம் கேக்கல, ஒண்ணும் இல்ல. நடுவுல இருந்தாங்க, அவ்வளவுதான். வழியெல்லாம் விழுந்திருக்கு" என்றாள். சொல்லும்போது அவளுக்குக் கண் கலங்கியது. கற்பனைக் கிராமத்துக்காக.

இப்போது நான் கேட்கிறேன், இதைக் கண்டுபிடித்தது யார்? அவசரப்பட்டுச் சொல்லாதீர்கள். கூட்டிக் கழித்தது அவள். சரி. தேதியைப் பார்த்தது அவள். அதுவும் சரி. ஆனால் அதற்கு அர்த்தம் கொடுத்தது யார்? அவளுக்கு அது ஒரு கணக்கு, கணக்கில் மிச்சம் வந்தது, மிச்சத்துக்கு இடம் கிடைத்தது. அவ்வளவுதான். அந்தப் படியில் நின்றபடியே நான்தான் சொன்னேன். "ஜெபா, இது அதிகாரத்தைப் பற்றிய நாவல். ஒப்புக்கொண்டு சுமக்கிறவனையாவது வரலாறு எண்ணி வைக்கும். கேட்காமலே சுமத்தப்பட்டவனை எண்ணக்கூட மாட்டார்கள்." இது என் வாக்கியம். என் சொந்த வாக்கியம். அவள் என்ன சொன்னாள் தெரியுமா? "ஆமா, அதைத்தானே சொல்லுதேன்" என்றாள். அவள் அதைச் சொல்லவே இல்லை.

அதற்குப் பிறகு பெயர்கள். மொழிவான்களுக்கு இந்த நாவலில் நூற்றுப் பதினோரு பெயர். குதிரைக்குக்கூடப் பெயர் உண்டு. தாங்கிகளுக்கு வெறும் எண். நடுவில் இருக்கிற கிராமத்து மனிதர்களுக்கு எண்ணும் கிடையாது. இந்தப் பட்டியலை ஜெபா எடுத்துக் கொடுத்தாள், இரண்டு நாளில். எடுத்துத் தா என்று கேட்டது நான்தானே? கேட்கத் தோன்ற வேண்டாமா?

கூட்டத்துக்கு நூறு பேருக்கு மேல் வந்திருந்தார்கள். ஜெபா மூன்றாம் வரிசையில் உட்கார்ந்திருந்தாள், மடியில் அந்த நோட்டு. நான் பேசினேன் பாருங்கள். பெருமைக்குச் சொல்லவில்லை, நீங்கள் இருந்திருந்தால் தெரியும். "நான் இந்த நாவலை இரண்டு முறை வாசித்தேன்" என்று ஆரம்பித்தேன். அது ஒரு மேடை மரபு, எல்லாரும் அப்படித்தான் ஆரம்பிப்பார்கள். "நாற்பது யானையின் எடை காணாமல் போயிருக்கிறது, ஐயா. அது எங்கே என்று நான் தேடினேன்" என்று சொல்லி நிறுத்தினேன். துண்டுச் சீட்டு வந்தது, மடித்து வைத்துவிட்டு மேலே பேசினேன். கடைசியில் எழுத்தாளரை நேராகப் பார்த்துக் கேட்டேன்: "சொல்லைச் சொன்னவனுக்கு நூற்றுப் பதினோரு பெயர் கொடுத்த உங்கள் பேனாவுக்கு, சுமந்தவனுக்கு ஒரே ஒரு பெயர் கொடுக்க மை இல்லையா?" கைதட்டல் அடங்க எத்தனை நேரம் ஆனது தெரியுமா? துறைத்தலைவரே தட்டினார்.

தணிகாசலம் ஏற்புரைக்கு எழுந்தார். ஒல்லியான மனிதர். பொன்னாடையை என்ன செய்வதென்று தெரியாமல் நாற்காலியில் விரித்துப் போட்டுவிட்டு வந்தார். மைக்கை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டார்.

"எனக்கு அது தெரியாதும்மா" என்றார். "சும்மா ஒரு நோய்னுதான் எழுதினேன். எழுதும்போது ஏன் அழுதேன்னு எனக்கே புரியல. இப்பதான் புரியுது." அப்புறம் என்னைத் திரும்பிப் பார்த்தார். "நாப்பது யானைன்னு சொன்னீங்களே. காதத்துக்குக் காதம் எவ்வளவு விழுந்திருக்கும்? முதல் காதத்துல இருக்கற ஊருக்கும் கடைசிக் காதத்துல இருக்கற ஊருக்கும் வித்தியாசம் இருக்கும்ல? யாருக்கு அதிகம்?"

ஏற்புரையில் கேள்வி கேட்பது எந்த ஊர் வழக்கம், அக்கா? ஏற்புரை என்றால் ஏற்க வேண்டும், இல்லை மறுக்க வேண்டும். தேர்வு நடத்துவார்களா? நான் சமாளித்தேன். "ஐயா, அது கணக்கு விவரம், என் ஆய்வு உதவியாளரிடம் இருக்கிறது" என்று சொல்லிவிட்டு, "ஜெபா, அந்த நோட்டைக் கொண்டு வா" என்றேன்.

நானேதான் கூப்பிட்டேன். அதை யோசித்தால்தான் எனக்கு வயிறு எரிகிறது.

அவள் வந்தாள். மேடை ஏறமாட்டேன் என்றாள். மைக்கைக் கொடுத்தால் வாங்கவில்லை. கீழே நின்று நோட்டைத் திறந்து மெதுவாக ஏதோ சொல்கிறாள். அந்த மனிதர் என்ன செய்தார்? மேடை விளிம்பில் குத்துக்காலிட்டு உட்கார்ந்துவிட்டார். நூறு பேர் பார்க்க. அவள் சொல்வது யாருக்கும் கேட்கவில்லை. அவர் சொல்வது மட்டும் மைக்கில் விழுகிறது. "ஆமா." "ஆமா." "கோட்டைக்குப் பக்கத்து ஊருக்கா அதிகம்?" "ஐயோ." "அப்போ அந்தக் கிணறு?" "ஐயோ, ஆமாம்மா." முழு ஏற்புரையும் இதுதான். துறைத்தலைவர் மணியை அடித்தார், அடித்தார், அடித்துக்கொண்டே இருந்தார். நன்றியுரை சொன்னவர் மைக்செட்காரர் பெயரைக்கூட விடாமல் சொன்னார். தேநீர் ஆறிப்போய் ஆடை கட்டிவிட்டது. அவர்கள் இரண்டு பேரும் அரங்கத்துப் படியில் உட்கார்ந்து பக்கம் பக்கமாகப் புரட்டிக்கொண்டிருந்தார்கள். விமர்சனம் செய்தவள் நான். நான் தூணோரம் நின்றுகொண்டிருந்தேன். ஒருமுறை போய், "ஐயா, இதை நான் ஒரு கோட்பாடாக விரிக்கலாம் என்றிருக்கிறேன்" என்றேன். "ரொம்ப நல்லா பேசினீங்கம்மா" என்று சொல்லிவிட்டு மறுபடி நோட்டுக்குள் குனிந்துவிட்டார்.

நல்லா பேசினீங்க. அதை மறக்கவே மாட்டேன்.

அறைக்கு வந்ததும் ஜெபாவைக் கேட்டேன். "ஆய்வு உதவியாளர்னு சொன்னது பிடிக்கலையா உனக்கு?"

"ஒண்ணும் இல்ல."

"அப்ப ஏன் மூஞ்சி அப்படி இருக்கு?"

"என் மூஞ்சியே இதுதான் தில்லை."

சிரித்துக்கொண்டுதான் சொன்னாள். அதனால் நானும் விட்டுவிட்டேன்.

அந்த உரையைக் கட்டுரையாக ஒரு சிற்றிதழில் கேட்டார்கள். ஆயிரத்து இருநூறு சொல்லுக்குள் என்றார்கள். கடைசியில் "கணக்கீட்டில் உதவிய தோழி ஜெபமலருக்கு நன்றி" என்று நான் எழுதினேன், அக்கா. சத்தியமாக எழுதினேன். எண்ணிப் பார்த்தால் ஆயிரத்து இருநூற்று நாலு. எதையாவது வெட்டத்தானே வேண்டும்? நான் என் கருத்தையா வெட்டுவேன்? தட்டச்சு செய்து கொடுத்தவளே அவள்தான். "நாலு சொல் கூடுது ஜெபா, கடைசி வரியை எடுத்துரு" என்றேன். எடுத்தாள். வருத்தம் இருந்தால் சொல்லியிருக்கலாமே? வாயைத் திறக்காமல் இருந்துவிட்டு முதுகுக்குப் பின்னால் வேறு ஏற்பாடு செய்கிறவர்களை என்னவென்று சொல்வது?

ஏற்பாடு என்றுதான் சொல்வேன். சித்திரையில் அவள் படிப்பு முடிந்து ஊருக்குப் போனாள். பெட்டியைத் தூக்கிக்கொண்டு பஸ் நிலையம் வரை போனவள் நான். ஆடியில் திருச்சிப் புத்தகக் கடையில் இந்த இரண்டாம் பதிப்பு அடுக்கி வைத்திருக்கிறது. புது அத்தியாயம் ஒன்று சேர்த்திருக்கிறார். 'நடுவில் இருந்தவர்கள்' என்று தலைப்பு. அந்தக் கிராமத்துக்காரர்கள் ஒவ்வொருவருக்கும் பெயர் வைத்திருக்கிறார். பாருங்கள், என் விமர்சனத்தைக் கேட்டுத்தான் வைத்திருக்கிறார்! நான் மேடையில் கேட்ட கேள்விதானே அது? சந்தோஷமாக நன்றிப் பக்கத்தைப் புரட்டினேன். அங்கே ஜெபமலர்.

கடையிலேயே நின்று ஃபோன் போட்டேன். எடுக்கவில்லை. வாட்ஸ்அப்பில் எழுதினேன். எனக்குக் கோபம் வந்தால் ஒழுங்கு வரும். எண் போட்டு எழுதினேன். ஒன்று, கேள்வி என்னுடையது. இரண்டு, மேடை என்னுடையது. மூன்று, உன்னை அவருக்கு அறிமுகப்படுத்தியதே நான். இப்படிப் பதினாறு. பதினாறுக்கும் நீல டிக் விழுந்தது. பதில் இல்லை. மறுநாள், "மௌனம் ஒரு வாதம் ஆகாது" என்று எழுதினேன். அதற்கும் நீல டிக். பத்தொன்பது நாள், அக்கா. ஓர் அறையில் இரண்டு வருஷம் ஒன்றாக இருந்தவளுக்குப் பத்தொன்பது நாள் பதில் போடாதவளை என்ன செய்யலாம்?

தணிகாசலத்துக்கும் கடிதம் போட்டேன். அவரிடமிருந்து ஒரு கார்டு வந்தது. "வணக்கம் அம்மா. வீட்டுக்கு வாருங்கள், பேசுவோம். ஜெபமலரும் உங்களைப் பற்றிச் சொல்லியிருக்கிறார்." என்ன சொன்னாள்? அதுதானே எனக்குத் தெரிய வேண்டும். நான் ஒன்றும் செய்யவில்லை என்று சொல்லியிருப்பாள். வேறு என்ன சொல்லியிருப்பாள்? அதற்காகத்தான் நேரில் போகிறேன். நேரில் என்னிடம் யாரும் ஜெயித்தது இல்லை.

இல்லை, இல்லை, முடிவைச் சொல்லிவிடுவேனோ என்று பயந்து மூடாதீர்கள். நாவலின் முடிவைப் பற்றி நான் யாரிடமும் பேசுவதே கிடையாது. கொள்கை. நீங்கள் முடித்துவிட்டால் எப்படி இருந்தது என்று எனக்குச் சொல்லுங்கள், எண் தருகிறேன். மற்றவர்கள் எப்படிப் புரிந்துகொள்கிறார்கள் என்று தெரிந்துகொள்வது விமர்சகருக்கு நல்லது.

உளுந்தூர்பேட்டை வந்துவிட்டது. பத்து நிமிஷம் நிற்குமாம். நீங்கள் இறங்கவில்லையா? சரி, அப்படியானால் இதையும் கேட்டுவிடுங்கள். பதில் வந்துவிட்டது. ஜெபாவிடமிருந்து. இன்று காலையில்தான், பஸ்ஸில் நான் ஏறி உட்கார்ந்த பிறகு. நீங்கள் படித்துக்கொண்டிருந்தீர்கள், நான் ஃபோனைத் தட்டுவதும் அழிப்பதுமாக இருந்தேனே, கவனித்தீர்களா? இதற்கு மறுமொழி எழுதத்தான். செங்கல்பட்டு போவதற்குள் அனுப்பிவிட வேண்டும். எனக்கு இப்படி ஆனதே இல்லை. பட்டிமன்றத்தில் எதிரணி உட்காருவதற்குள் நான் எழுந்துவிடுவேன். இரண்டரை மணி நேரமாக ஒரு வரி. ஒரு வரிதான் கேட்கிறாள்.

நான் அப்படியே வாசிக்கிறேன், ஓர் எழுத்துக்கூட மாற்றவில்லை. நீங்கள் மூன்றாம் மனுஷி. இது ஒரு பதிலா என்று நீங்கள் சொல்லுங்கள்.

"தில்லை, லேட்டாயிட்டு, கோவிச்சுக்காத. அப்பாவுக்கு இடுப்பு எலும்பு முறிஞ்சு பாளையங்கோட்டை ஆஸ்பத்திரியில கிடந்தோம். நீ அனுப்பினது எல்லாம் படிச்சேன். உன் பேரைப் போடச் சொல்லி நான்தான் அவர்ட்ட முதல்ல சொன்னேன். தாராளமாப் போடுதேன்னாரு. 'உனக்குப் போட்ட மாதிரியே அவங்களுக்கும் எதுக்காகன்னு ஒரு வரி எழுதிக் குடும்மா'ன்னு கேட்டாரு. ரெண்டு நாள் உக்காந்து பாத்தேன். எனக்கு ஒண்ணும் வரல. அதுக்குள்ள அச்சுக்குப் போயிட்டு. மூணாம் பதிப்பு தை மாசமாம். அந்த ஒரு வரியை நீயே சொல்லு. நான் அப்படியே எழுதி அவருக்கு அனுப்பிருதேன்."